இடுப்புக் கணக்கில் ஒரு மரச்சிராய்

ஹலோ… ஆமா, டாக்டர்தான். யாரு, இன்சூரன்ஸுக்கு வியாதி நம்பர் போடுற கோடிங் மேடமா? மாடியிலதானே இருக்கீங்க, இறங்கி வந்தே கேட்டிருக்கலாமே… சரி சரி, வேலை கழுத்தை நெரிக்குது. சொல்லுங்க.

…ஆமா, ஆமா. மரச்சிராய். எடுத்தாச்சு. தோலுக்குள்ள மேலாக்கத்தான் இருந்துச்சு. எழுதியிருக்கேனே.

…எங்கன்னா? 'உடம்பில்'னு போட்டிருக்கேன்ல?

…அதுக்கு நம்பர் இல்லையா? இன்சூரன்ஸ்காரனுக்கு எந்த இடம்னு வேணுமா? …முதுகு… கொஞ்சம் கீழ வாங்க… இன்னும் கீழ… மேடம், சத்தமா சொல்ல முடியாது. பேஷண்ட் திரைக்கு அந்தப் பக்கம் குப்புறப் படுத்திருக்காங்க… ஏன்னா உட்கார முடியாது! …ஆங், அதேதான். சிரிக்காதீங்க.

…அது இடுப்பு நம்பர்லயே அடங்கிடுமா? அப்பாடா. அதை இடுப்புக் கணக்குல சேர்த்த புண்ணியவான் நல்லா இருக்கட்டும்.

…இன்னுமா? எது குத்துச்சா? மரம்… எந்த மரமா? என்ன மேடம், போலீஸ் மாதிரி கேக்குறீங்க? தெரியலைன்னு போடுங்க.

…என்னது, அப்படிப் போட்டா இன்சூரன்ஸ்ல இருந்து கடிதம் வருமா? எங்க? அவங்க வீட்டுக்கா? 'இந்தக் காயத்துக்கு யார் பொறுப்பு'ன்னா? ஐயையோ… இருங்க, இருங்க, வெச்சிடாதீங்க. மருந்து ரூமுக்குள்ள போறேன்… நர்ஸம்மா, அவங்களுக்கு இன்னொரு தலையணை குடுங்க!

…ஹலோ. கேளுங்க. அது எங்க மாமியார்… ஆமா, சொந்த மாமியாரேதான். பார்க் பெஞ்ச்ல ஏறிடுச்சுன்னு சொல்றாங்க. பெஞ்சும் இல்ல, மண்ணும் இல்ல. சிராயை எடுத்ததும் பாத்தேன், என் வார்னிஷ். அவங்க அறுபதாவது பிறந்தநாளுக்கு நானே அறுத்து, நானே இழைச்சுக் குடுத்த நாற்காலி… உங்களுக்கென்ன, சிரிப்பீங்க. கல்யாணத்துக்கே அவங்க சம்மதிக்கல மேடம். 'வாங்க'ன்னா 'வாங்க', அதுக்கு மேல ஒரு வார்த்தை கிடையாது. இந்த நாற்காலி போனப்புறம்தான் வாய் நிறைய 'மாப்பிள்ளை'ன்னு கூப்பிடுறாங்க. வர்றவங்க போறவங்க எல்லாருக்கும் காட்டுறாங்க. அந்த வீட்ல என் மரியாதை மொத்தமும் அந்த நாலு கால்லதான் நிக்குது. அதுதான் குத்துச்சுன்னு அவங்களுக்குத் தெரிஞ்சா…

…ம். ம். சரி, யோசிக்கிறேன். வேற என்ன கேள்வி? …முதல் தடவையாவா? ஆமா, முதல் தடவைதான்.

…என்னது?

…இதுக்கே ஏற்கெனவே ரெண்டு தடவை வந்திருக்காங்களா? இதே ஆஸ்பத்திரியிலயா? யார்கிட்ட… சாயங்கால டாக்டர்கிட்டயா. நான் லீவுல இருந்த நாளாப் பாத்தா?

…அவரையும் விடாம போன் பண்ணிக் கேட்டீங்களா, எது குத்துச்சுன்னு? …என்ன சொன்னார்?

…'மாப்பிள்ளை செஞ்ச நாற்காலி. அவர் காதுக்குப் போயிடக் கூடாது'ன்னா? எங்க அத்தை வாயாலயேவா?

…ஆமா, இன்னிக்கும் நான் லீவுதான் போட்டிருந்தேன். கடைசியில வந்துட்டேன். என்னைப் பாத்ததும் திருதிருன்னு முழிச்சாங்க. வலின்னு நெனச்சேன்.

…தூக்கி எறிஞ்சிருக்கலாமே மேடம். ஒரு மெத்தையாவது போட்டிருக்கலாம். அதுலயே போய்ப் போய்…

…இல்ல, ஒண்ணுமில்ல. எழுதுங்க. மர நாற்காலி. வீட்டுல. இதுக்கு மேல கடிதம் வராதுல்ல? …நல்லது. யார் செஞ்சதுன்னு போட இடம் இருக்கா? …இல்லையா. சரி, பரவாயில்ல.

…இருங்க, கூப்பிடுறாங்க… இதோ வந்துட்டேன் அத்தை! …ஒண்ணுமில்ல, மாடியில இருந்து போன்… ஆமா அத்தை, மோசமான பெஞ்ச்தான். எவனோ கைக்கு வந்தபடி செஞ்சிருக்கான். ஒழுங்கா இழைக்கக்கூடத் தெரியல…

…என்ன அத்தை? …அப்படிச் சொல்லக் கூடாதா?

…பாவம், அவன் ஆசையாத்தான் செஞ்சிருப்பானா?

…மேடம், நான் அப்புறம் பேசுறேன். வெச்சிடறேன்.