அதிகாரிக்கு விழுந்த அடி

காரக்கோணத்திலிருந்து பாறசாலை போகும் பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் இரண்டு பெண்கள் இருந்தார்கள். இளையவள் சத்தமாகவே சொன்னாள்:

“மைனி, நிங்க பொழியூருக்குப் போன அண்ணைக்கு, சர்ச்சு நாடகத்தில அதிகாரிக்க கன்னத்தில ஒண்ணு குடுத்துட்டேன்.”

மூத்தவள் திரும்பினாள். “நாடகத்தில அப்படி உண்டாட்டி?”

“இல்ல. மகாராஜா காலத்துக் கதையாக்கும். நம்ம பெண்ணுவ மாரு மறைக்க மேல்சீலை போடப்பிடாதுன்னு இருந்த காலம். நான் குப்பாயச் சட்டை தச்சுப் போட்டுட்டுச் சந்தைக்குப் போறேன். அதிகாரி வந்து அதைக் கிழிக்கணும். நான் அழணும். வெள்ளைக்கார மதாம்மா ஓடி வந்து என்னைக் காப்பாத்தணும்.”

“பின்ன?”

“மதாம்மாவைக் காணல்ல. பொய்முடி கழண்டு போச்சாம். அதிகாரி எனக்க தோள்ல கைய வச்சாரு. எம்பிடு நேரந்தான் அழுதுட்டு நிக்க? அந்தக் காலத்துப் பெண்ணுவ மதாம்மா வரட்டும்னு காத்துட்டா நிண்ணிருப்பாவ? ஓங்கி ஒண்ணு விட்டேன். பாத்துட்டு இருந்த பெண்ணுவ எல்லாம் எந்திரிச்சு நிண்ணு கை தட்டினாவ.”

“மதாம்மா வரவே இல்லியா?”

“பொறவு வந்தாவ. அதிகாரி கீழ கிடந்தாரு. அவரைத்தான் காப்பாத்தினாவ.”

மூத்தவள் சிரித்துச் சிரித்து முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். “அதிகாரி வேஷம் யாருட்டி கெட்டினது?”

“நிங்களுக்க தம்பி, எனக்க மாப்பிளையாக்கும். அண்ணையில இருந்து எங்கிட்டப் பேசல்ல.”

மூத்தவளின் சிரிப்பு நின்றது. யாராவது கேட்கிறார்களா என்று பஸ்ஸைச் சுற்றிப் பார்த்தாள். பிறகு இளையவளின் காதருகே குனிந்தாள்.

“அடுத்த நாடகம் எப்பட்டி? எனக்கு முன்வரிசையில ஒரு சீட்டு பிடிச்சு வை.”