விசில் ஊதாமல் நின்ற பஸ்

"கோர்ட்டுல அவரு ஜெயிச்சுட்டாருங்க அக்கா. இனி நான் எந்த பஸ்ல ஏறுவேன்?"

ஏற்காட்டிலிருந்து மாரமங்கலம் போகும் பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் இரண்டு பெண்கள். இப்படிக் கேட்டவள் சின்னவள். டிரைவரின் கண்ணாடியில் முகம் தெரியாதபடி முந்தானையைத் தலைக்கு மேல் இழுத்துவிட்டுக் குனிந்திருந்தாள்.

"இந்த டிரைவருதானா கண்ணு அது?"

"இவரேதானுங்க. ஏறுனப்புறந்தான் பார்த்தேன். குடிச்சுட்டு ஓட்டுனாருன்னு விசாரணையில சாட்சி சொன்னது நாந்தானுங்க. அதுல வேலைய உட்டே தூக்கிட்டாங்க. இப்ப ஜட்ஜு, டாக்டர்கிட்டக் கூட்டிப்போயி சோதிக்கல, வாசம் அடிச்சுதுன்னு ஒருத்தி சொன்னதுக்கு வேலையப் பறிக்கக் கூடாதுன்னுட்டாராமுங்க."

"வாசம் அடிச்சுதா, இல்லியா?"

"நொம்ப அடிச்சுதுங்க. இதே வளைவுலதான் அன்னைக்கு பஸ் பள்ளத்துப் பக்கம் போச்சு."

பஸ் திரும்பியது. இருவரும் முன் கம்பியைப் பிடித்துக்கொண்டார்கள். ஓட்டம் என்னவோ நிதானமாகத்தான் இருந்தது.

"உன்ற ஊடு அவருக்குத் தெரியுமா?"

"தெரியாதுங்க. கேசுக்கப்புறம் பாலத்துக்கு அந்தப் பக்கம் எஸ்டேட்டுக்கு மாறிட்டோமுங்க. அங்க ஸ்டாப்பு கெடையாது. அடுத்த ஸ்டாப்புல எறங்கி நடந்து வந்துக்குவேன்."

பஸ் பாலத்தைத் தாண்டியது. கண்டக்டர் விசில் ஊதவில்லை. ஆனாலும் எஸ்டேட் கேட்டுக்கு நேராக பஸ் நின்றது. டிரைவர் திரும்பவில்லை. கண்ணாடியைப் பார்த்தபடியே சொன்னார்:

"எறங்குங்கம்மா. இப்ப உங்க ஊடு இங்கதானுங்களே?"