கள்ளிக்குப்பத்து விமானம்

— திருப்பி அனுப்பிடு நைனா.

— அய்யே, இன்னாம்மா பேசற? லாரி பாடி மேம்பாலத்த தாண்டி வந்துகினு கீது. ஏரோப்ளேனு ரெக்கை தனியா, உடம்பு தனியா ஏத்தணும். ஏத்தற ஆளுங்களுக்கும் சொல்லியாச்சு.

— ஏத்திக்கினு போயி?

— ரெக்கைய மாட்டிப் பறக்கறதுதான். ரிடையர் ஆன நாள்லேர்ந்து அப்பா இந்த ஷெட்டே கதின்னு கெடந்தாரு. கட்டி முடிச்சாரு, ஆனா ஒரு தபா மேல போய்ப் பாக்காமலே போயிட்டாரு. நான் லைசென்ஸ் எடுத்ததே இதுக்குத்தாம்மா.

— ஆரு ஓட்டப் போறது?

— மொதல்ல நான் மட்டும். சரியா வந்துச்சுன்னா பக்கத்து சீட்டுல நீ. ரெண்டு பேருக்குன்னுதான வாங்கினாரு.

— ரெடியா செஞ்சதே கெடைக்குதுன்னாங்க. இவருதான், பாகம் பாகமா பொட்டியில வரட்டும், நானே கட்டறேன்னு ஒத்தக் கால்ல நின்னாரு.

— ஆவடி ஃபேக்டரில மிலிட்டரி டாங்கு செஞ்ச கைம்மா அது.

— செஞ்ச கைதான். அந்தக் கையால என்னைப் புடிச்சிகினு, "தாட்சாயிணி எங்க போனாம்மா, இன்னும் காணமே"ன்னு என்னையே கேட்டாரு நைனா.

— இன்னாது?

— மறதி. மூளை சுருங்கிகினே வருதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு.

— சும்மா சொல்லாத. ஓசூர்லேர்ந்து வாரா வாரம் பேசினேன். நல்லாத்தான பேசினாரு?

— நான் பக்கத்துல குந்திகினு காதுல சொல்லுவேன். "பேசறது கௌதம். சாப்டியான்னு கேளு." கேப்பாரு. "மழையான்னு கேளு." அதையும் கேப்பாரு.

— ஏம்மா எங்கிட்ட மறைச்ச?

— சொன்னா வேலைய உட்டுட்டு வந்து நிப்ப. உன் மூஞ்சிய பாத்து, நீ ஆருன்னு கேப்பாரு. அத நீ தாங்குவியா?

— எப்பலேர்ந்து இது?

— ரெக்கைல கை வெச்சப்பலேர்ந்து.

— அம்மா! அப்ப எதுக்கு அவர ஷெட்டுக்குள்ள உட்ட?

— அங்க மட்டுந்தான் அழாம இருந்தாரு. ஊட்டுக்குள்ள இட்டாந்தா, நான் எங்க கீறேன், இது ஆரு ஊடுன்னு கத்துவாரு. தெருவே எட்டிப் பாக்கும். ஷெட்டுல ரிவெட்டு அடிப்பாரு, புடுங்குவாரு, மறுபடி அடிப்பாரு. நான் லைட்ட புடிச்சிகினு நிப்பேன். ஒரு நாளு ரெக்கை மேல தகட்ட போட்டு மூடிட்டு என்னைப் பாத்து சிரிச்சாரு. உள்ள இன்னா வெச்சாரு, இன்னா உட்டாருன்னு ஆருக்குத் தெரியும்?

— வேல தெரிஞ்சவங்க ரெண்டு பேர இட்டாந்து காட்டினேனே. குறையே இல்லன்னாங்க.

— வெளிய பாத்துட்டு சொன்னாங்க. நடு ஆகாசத்துல ரெக்கை உட்டுப்போச்சுன்னா அவங்களா வந்து புடிப்பாங்க?

— கத்தாதம்மா.

— கத்துவேன். ஒரு பொணத்த பாத்தது போதும் எனக்கு.

— அவரு சாவறப்ப நான் பக்கத்துல இல்ல. அத ஓட்டினா அவருகூட இருக்கற மாதிரி கீதும்மா. இது ஒண்ணுதான் மிச்சம்.

— தெரியும் நைனா.

— சரி, இப்டி பண்ணலாம். லாரிய நிறுத்தறேன். ரெக்கைய பிரிச்சி உள்ளாற பாக்கலாம். தப்பு இருந்தா சரி பண்ணிட்டு, நிதானமா பறக்கறேன். போதுமா?

— நான் பாத்துட்டேன்.

— நீயா?

— நேத்து நீ பறக்கற எடத்துக்குப் பேசப் போனியே, அப்ப. ரம்பத்த எடுத்து ரெண்டு ரெக்கையையும் நடுவுல அறுத்துட்டேன். உன்னையும் வாரிக் குடுக்க எனக்குத் தெம்பு இல்ல.

— ஐயோ... அம்மா... உள்ள இன்னா இருந்துது? சொல்லு. இன்னா தப்பு பண்ணி வெச்சிருந்தாரு?

— ரிவெட்டு எல்லாம் கோலப்புள்ளி மாதிரி வரிசையா அடிச்சி வெச்சிகீறாரு நைனா. ஒண்ணுகூட தப்பல.