சுண்டெலிக்கு வாங்க வேண்டியவை

கடைக்காரர்: பச்சையா, சிவப்பா?

அக்கா: பச்சை.

தம்பி: சிவப்பு.

கடைக்காரர்: ரெண்டு பேரும் முதல்ல ஒரு முடிவுக்கு வாங்க. கூலன்ட்ல ரெண்டு கலரையும் கலந்து ஊத்தக் கூடாது. உள்ள கஞ்சி மாதிரி கட்டிக்கும். அப்புறம் ரேடியேட்டரைக் கழட்டித்தான் கழுவணும்.

அக்கா: பச்சைதாண்ணே. அப்பா எப்பவும் காருக்குப் பச்சைதான் ஊத்துவாரு. "நம்ம சுண்டெலிக்கு ஓடறது பச்சை ரத்தம்"னு சொல்லிச் சொல்லி, இவன் ஸ்கூல்ல போயி அதையே பரீட்சையில எழுதிட்டு வந்தான்.

தம்பி: ரெண்டாங் கிளாஸ்ல எழுதினதை இன்னும் எத்தனை வருஷத்துக்குச் சொல்லுவ?

அக்கா: நீ பேரன் எடுக்கற வரைக்கும்.

தம்பி: சிவப்பு இன்னும் கொஞ்ச நாள் கூடத் தாங்கும்ணே, அதான் சொன்னேன்.

அக்கா: எதுக்குடா தாங்கணும்?

தம்பி: அக்கா...

கடைக்காரர்: என்னம்மா?

அக்கா: ஒண்ணுமில்லண்ணே. பச்சையே குடுங்க.

கடைக்காரர்: லிஸ்ட்டைக் கொஞ்சம் இப்படிக் காட்டுங்க. ஐயா கையெழுத்து அச்சடிச்ச மாதிரி இருக்கும், இப்பத்தான் கொஞ்சம் நடுங்குது. பிரேக் ஆயில், அரை லிட்டர். அதுக்குக் கீழ கோடு போட்டு, "சீல் உடையாம இருக்கணும்."

தம்பி: நாப்பது வருஷம் ரத்தப் பரிசோதனைக் கூடத்துல வேலை பாத்தவரு இல்ல? பிரேக் ஆயிலையும் ரத்தம் மாதிரிதான் பாப்பாரு. போன தடவை டப்பாவை லென்ஸ் வச்சுப் பாத்தாருண்ணே. தயாரிச்ச தேதி, காலாவதி தேதி, எல்லாம் சத்தமாப் படிச்சாரு.

கடைக்காரர்: காத்துப் பட்டா ஈரத்தை இழுத்துக்கும் தம்பி. அவரு கேக்கறது சரிதான். அதுக்கும் கீழ ஒண்ணு எழுதியிருக்காரே... "இருவரும் சேர்ந்து போகவும். சின்னவன் தனியாகப் போனால் டூப்ளிகேட் வாங்கி வருவான்."

அக்கா: ஹாஹா! அதையும் எழுதிட்டாரா?

தம்பி: ஒரே ஒரு தடவை. ஒரே ஒரு தடவை மட்டமான வைப்பர் வாங்கிட்டேன். அது மழையில தேய்க்கத் தேய்க்கக் கண்ணாடி கலங்குச்சு. அதுலேர்ந்து இந்த வீட்ல எனக்குப் பேரே இல்ல.

அக்கா: அன்னிக்கு அம்மாதான் ஜன்னல் வழியாத் தலையை நீட்டி வழி சொன்னாங்க. "இடது பக்கம் வாங்க... இன்னும் கொஞ்சம்... ஐயோ, அது பள்ளம்!" வீடு வந்து சேந்தப்போ ஒரு பக்கம் முழுக்க நனைஞ்சிருந்தாங்க. மறுபக்கம் இஸ்திரி போட்ட மாதிரி இருந்துச்சு.

தம்பி: ரெண்டு நாள் என்கூடப் பேசல.

அக்கா: அம்மா ரெண்டு நாள். நாம ரெண்டு பேரும் நாலு வருஷம்.

தம்பி: இப்ப எதுக்கு அது?

அக்கா: சும்மாத்தான்.

கடைக்காரர்: அடுத்தது... ஜன்னல் இறக்கற கைப்பிடி ஒண்ணு. பின் சீட், இடது பக்கம். இதெல்லாம் இப்ப யாரு வாங்கறாங்க? பரண்லதான் கிடக்கும். ஏணி போட்டுப் பாக்கறேன். உக்காருங்க ரெண்டு பேரும். அந்த ஸ்டூல் ஆடும், சுவர் பக்கம் சாச்சுப் போட்டுக்கோங்க.

தம்பி: இடது பக்கம் உன் பக்கம்தானே?

அக்கா: பின்ன? மொத்தக் காருக்கும் கைப்பிடி ஒண்ணே ஒண்ணுதான் இருந்துச்சு. யாருக்குப் புழுங்குதோ அவங்க கேட்டு வாங்கி, மாட்டி, சுத்தி, திருப்பிக் குடுக்கணும். நீ குடுக்கவே மாட்ட. சட்டைக்குள்ள போட்டுக்குவ.

தம்பி: நீ மட்டும் என்னவாம்? சீட்டுக்கு நடுவுல சாக்பீஸால கோடு போட்டவ நீதானே. கோட்டைத் தாண்டி என் முட்டி வந்தா கிள்ளு.

அக்கா: முட்டி வந்தா பரவாயில்ல. ஒவ்வொரு வளைவுலயும் வாந்தி இல்ல வந்துச்சு!

தம்பி: அப்பாதான் வண்டியை ஓரங்கட்டுவாரு. ஒரு வார்த்தை திட்ட மாட்டாரு. தண்ணியை எடுத்து முதல்ல என் வாயைக் கழுவுவாரு. அப்புறம் அதே தண்ணியில கொஞ்சம் ரேடியேட்டருக்கும்.

அக்கா: மேட்டுல நின்னா நான்தான் குதிச்சு ஓடிப்போயி சக்கரத்துக்குப் பின்னாடி கல்லு வைக்கணும். ஹேண்ட் பிரேக் புடிக்காது. திரும்பக் கிளம்பும்போது கல்லைத் தூக்கிட்டு ஓடி வந்து ஏறணும். ஒரு நாள் என்னை விட்டுட்டே போயிட்டீங்க.

தம்பி: நான்தான் அப்பாகிட்ட சொல்லல.

அக்கா: எனக்குத் தெரியும்டா எருமை.

தம்பி: கோடு இல்லாம முழு சீட்டுல படுத்துக்கிட்டுப் போனேன். ரெண்டு நிமிஷம்தான்... அப்புறம் பயந்து போயி அழுதுட்டேன்.

அக்கா: நல்லா இருந்தோம்ல?

தம்பி: ம்.

அக்கா: டேய்... கடைக்கார அண்ணன் உள்ள இருக்கும்போதே சொல்லிடறேன். இன்னிக்கு அப்பாகிட்ட உண்மையைச் சொல்லிடலாம். என்னால முடியல. பதினாலு மாசமா, இல்லாத ஒரு காருக்கு சாமான் வாங்கிட்டிருக்கோம். கேக்கறவங்க சிரிப்பாங்க.

தம்பி: மெதுவாப் பேசு.

அக்கா: ஷெட்ல இருக்கு, எஞ்சினை இறக்கி வச்சிருக்கு, மெக்கானிக்குக் கை முறிஞ்சிருச்சு... அந்த மெக்கானிக்குக்கு எத்தனை கைடா? மூணு தடவை முறிச்சுட்ட.

தம்பி: ரெண்டு தடவைதான். மூணாவது அவன் மச்சினனுக்கு.

அக்கா: சிரிக்காத.

தம்பி: டாக்டர் இனி வண்டி ஓட்டக் கூடாதுன்னுட்டாரு. அப்பாகிட்ட சாவியைக் கேக்க உனக்கு தைரியம் இருந்துச்சா? எனக்கு இல்ல. கண்ணு ஆபரேஷன் ஆகி கட்டோட படுத்திருந்தாரு. ஆஸ்பத்திரி பேப்பரோட பேப்பரா வச்சு, "இங்க ஒரு கையெழுத்துப்பா"ன்னேன். எங்கன்னு கேட்டாரு. கையைப் புடிச்சு வச்சேன். போட்டாரு. அந்தக் கையெழுத்து என்னை விடவே மாட்டேங்குதுக்கா. சுண்டெலியை வித்துட்டேம்பான்னு எந்த வாயால சொல்லுவேன்?

அக்கா: நீ மட்டும் இல்லடா. நானும்தான் சரின்னு சொன்னேன்.

தம்பி: நாம போனா, காபி கூடக் குடிக்க விடாம பையைப் பிரிச்சு ஒண்ணொண்ணா எடுத்துப் பாத்து, கட்டிலுக்கு அடியில இருக்கற பெட்டியில அடுக்கறாரு பாரு, அந்த முகத்தைப் பாத்துக்கிட்டு...

கடைக்காரர்: கிடைச்சிருச்சு! தூசியைத் துடைச்சுக்கிட்டாப் போதும். வண்டி எப்படிம்மா ஓடுது?

அக்கா: நல்லா... நல்லா ஓடுதுண்ணே.

தம்பி: சூப்பரா ஓடுது.

கடைக்காரர்: சரி சரி. கடைசியா ஒண்ணு இருக்கு. பவர்... பவர் ஸ்டியரிங் ஆயில். ஒரு லிட்டர்.

தம்பி: என்னது?

கடைக்காரர்: அப்படித்தான் எழுதியிருக்கு.

அக்கா: குடுங்க, பாக்கறேன்... அப்பா எழுத்துதான்.

தம்பி: நம்ம வண்டியில பவர் ஸ்டியரிங் ஏது? வண்டியை நிறுத்தி எடுக்கறதுக்குள்ள ரெண்டு கையாலயும் மாவாட்டற மாதிரி சுத்துவாரே. பயில்வானுக்கு வாக்கப்பட்டிருக்கேன்னு அம்மா தோளைத் தட்டிக் கேலி பண்ணுவாங்களே...

அக்கா: அந்த வண்டியோட ஒவ்வொரு நட்டும் அவருக்குத் தெரியும். இருட்டுல கையை விட்டே ஃபியூஸ் மாத்துவாரு. அவரு போயி இதை எழுதியிருக்காருன்னா...

தம்பி: ஏதோ நினைப்புல எழுதியிருப்பாரு.

அக்கா: இல்லடா. நேத்து போன்ல என்னை அம்மா பேரைச் சொல்லிக் கூப்பிட்டாரு.

தம்பி: அது எப்பவும் கூப்பிடறதுதான். என்னையே அந்தப் பேர்ல கூப்பிட்டிருக்காரு, மீசை வச்சப்புறம்.

அக்கா: விளையாடாதடா! அவருக்கு ஞாபகம் போயிட்டு இருக்கு. எல்லாம் மறந்தாலும் சுண்டெலியை மறப்பாரா? அதையே மறந்துட்டாரு. கேஸை மூடாம விட்டுட்டா? கதவைத் தொறந்து போட்டுட்டு எங்கயாவது போயிட்டா? இனிமே ஒரு நாள் கூடத் தனியா விட முடியாது. வீட்டைக் காலி பண்ணிட்டு என் வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறேன்.

தம்பி: அந்த வீட்டை விட்டு வர மாட்டாருக்கா. அம்மா இருந்த வீடு. புடுங்கி எடுத்த மாதிரி ஆயிடும்.

அக்கா: அப்ப உன் வீட்ல வச்சுக்கறியா?

தம்பி: வச்சுக்கறேன். ஆனா வர மாட்டாரு, அதான் சொல்றேன். ஒரு மாசம் பொறுத்துப் பாப்போம்.

அக்கா: ஒரு மாசத்துல ஏதாவது ஆச்சுன்னா? நீ பொறுப்பா? நீ எப்பவும் இப்படித்தான். எதையும் நேராப் பாக்கறதில்ல. ஒளிக்கறது, மூடறது, தள்ளிப் போடறது...

தம்பி: ஆமா, நீ மட்டும் ஹரிச்சந்திரன் பேத்தி.

அக்கா: போனை எடு. மாமாவுக்குப் போடு. இன்னிக்கே டாக்டர்கிட்ட நேரம் வாங்கச் சொல்றேன். வீட்டு ஓனருக்கும் சொல்லிடணும், அடுத்த மாசம் காலி பண்றோம்னு.

தம்பி: அக்கா, அழாதக்கா... கடையில வச்சு...

அக்கா: நான் அழல. போடுடா போனை!

கடைக்காரர்: அம்மா... போனைக் கொஞ்சம் கீழ வைங்க.

அக்கா: இல்லண்ணே, இது எங்க வீட்டு விஷயம்...

கடைக்காரர்: தெரியும்மா. வீட்டைக் காலி பண்ற அளவுக்குப் போயிருச்சே, அதனாலதான் வாயைத் தொறக்கறேன். சொல்ல மாட்டேன்னு ஐயாவுக்கு வாக்குக் குடுத்திருக்கேன்.

தம்பி: அப்பாவுக்கா? அப்பாவை எங்கண்ணே பாத்தீங்க? அவரு படி இறங்கியே ஒரு வருஷம் ஆச்சே.

கடைக்காரர்: புதன்கிழமை அந்த ஆடற ஸ்டூல்லதான் உக்காந்திருந்தாரு. இந்த லிஸ்ட்டே இங்க எழுதினதுதான்.

அக்கா: யாரு கூட்டிட்டு வந்தா?

கடைக்காரர்: டீச்சரம்மா.

தம்பி: எந்த... எந்த டீச்சரம்மா?

கடைக்காரர்: நீங்க வண்டியை வித்தீங்களே தம்பி, அவங்கதான்.

அக்கா: உங்களுக்குத் தெரியுமா? வித்தது...

கடைக்காரர்: எனக்கு என்னம்மா, ஐயாவுக்கே முதல் மாசமே தெரியும். வண்டி கிளம்ப மாட்டேன்னு அடம் புடிச்சிருக்கு. டீச்சரம்மா ஆர்.சி. புத்தகத்துல இருந்த விலாசத்தைப் பாத்துட்டு நேரா உங்க வீட்டுக் கதவைத் தட்டி, "இதை எப்படி ஸ்டார்ட் பண்றது சார்?"னு கேட்டிருக்காங்க. இவரு இறங்கி வந்து, சாவியைப் போட்டு, டேஷ்போர்டுல ஒரு தட்டுத் தட்டினாராம். கிளம்பிருச்சு.

தம்பி: ஐயோ... அந்தத் தட்டை நான் சொல்லவே இல்ல அவங்ககிட்ட.

அக்கா: அப்ப நாங்க வாங்கிக் குடுத்த சாமான்? அந்தப் பெட்டி?

கடைக்காரர்: நீங்க ரெண்டு பேரும் கிளம்பினதும் டீச்சரம்மா வந்து எடுத்துட்டுப் போயிடுவாங்க. அத்தனையும் அந்த வண்டியிலதான் இருக்கு. கிளட்ச் கேபிள், ஃபேன் பெல்ட், நீங்க சண்டை போட்டு வாங்கின ஹாரன் உட்பட. வாரம் ஒரு நாள் ஐயாவை முன் சீட்ல உக்கார வச்சு ஒரு சுத்து கூட்டிட்டுப் போவாங்க. கையெழுத்து வாங்கினப்போ என்ன பேப்பர்னு கூடத் தெரியும்னாரு தம்பி. "பையன் கை நடுங்குச்சுப்பா, அதான் சட்டுன்னு போட்டுட்டேன்"னாரு.

தம்பி: எல்லாம் தெரிஞ்சுக்கிட்டா... மெக்கானிக்குக் கை எப்படி இருக்குன்னு மாசாமாசம் விசாரிப்பாரே!

கடைக்காரர்: அதை இங்க வந்து சொல்லிச் சொல்லிச் சிரிப்பாரு.

அக்கா: சரிண்ணே, அதெல்லாம் இருக்கட்டும். வண்டி கண்ணு முன்னாடி ஓடுது, அதுலயே உக்காந்து போறாரு. அப்புறமும் பவர் ஸ்டியரிங் ஆயில்னு எழுதினா, மறதி இல்லாம அது வேற என்ன?

கடைக்காரர்: மறதியெல்லாம் இல்லம்மா, தப்பு என்மேலதான். வண்டியில மாத்தாத சாமான் ஒண்ணு பாக்கி இல்ல. புதன்கிழமை கூலன்ட், பிரேக் ஆயில், கைப்பிடின்னு எழுதிட்டு, அதுக்கு மேல தோணாம பேனாவை வச்சுக்கிட்டு ரொம்ப நேரம் உக்காந்திருந்தாரு. "மூணே சாமான்னா ரெண்டு பேர் எதுக்குன்னு பெரியவ வராம இருந்துடுவாப்பா. அவ அம்மா போனப்புறம் முகத்தையே பாத்துக்காத பசங்க, இந்த லிஸ்ட்டை வச்சுத்தான் ஒண்ணா வந்து காபி குடிச்சுட்டுப் போகுது. நாலாவதா எதையாவது சொல்லு"ன்னாரு. கடையில கூட்டம், எனக்கு அவசரத்துல அந்த ஆயில்தான் வாயில வந்துச்சு. நம்ம வண்டிக்கு அது வேண்டாம்னு தெரிஞ்சேதான் எழுதிக்கிட்டாரு.