தலைவருக்கு ஒரு நாற்காலி

காவலூர் போகும் பேருந்தில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு பெண்கள். இளையவள் மலேசியாவில் ஒரு வீட்டில் சமையல் வேலை பார்த்துத் திரும்பியவள். மூத்தவள் மலையில் ஓர் ஊராட்சியின் தலைவி.

"நான் வேலை பார்த்த வூட்டு மேடம் தேர்தல்ல தோத்த மறுநாளே புது செருப்பு வாங்கினாங்கக்கா."

"செருப்பு இன்னாத்துக்கு?"

"ஓட்டு கேட்டு நடந்து பழசு தேஞ்சி போச்சி. அங்க மலாய்க்காரங்க கட்சியில மகளிர் அணின்னா கூட்டத்துக்கு சோறாக்கறதுதான் வேலை. இவங்களும் ஆக்கினாங்க. அப்பால வூடு வூடா போனாங்க. ரெண்டு வாட்டி தோத்து, மூணாவது வாட்டி ஜெயிச்சி மந்திரியே ஆய்ட்டாங்க."

"அவங்க வூட்டுக்காரரு?"

"கூட்டத்துக்கு வந்தா கடைசி வரிசையில குந்துவாரு."

தலைவி அவள் பக்கம் திரும்பினாள்.

"இன்னிக்கு எங்கூர்ல கிராமசபை. என் நாற்காலியில எங்க வூட்டுக்காரருதான் குந்துவாரு. நான் பொம்பளைங்களோட பாய்ல. கையெழுத்து மட்டும் என்னுது."

பிறகு கைப்பேசியை எடுத்தாள்.

"நான்தாங்க. மேசைகிட்ட தலைவருக்கு ஒரு நாற்காலி போட்டா போதும். ஆமா, நான்தான் குந்தப் போறேன். உங்களுக்கு பாய்ல எடம் வெக்கச் சொல்றேன்."