பத்மநாதனின் சுட்டுவிரல்

கல்யாண வீடியோ இரண்டு மணித்தியாலத்தைத் தாண்டக்கூடாது என்பது என் கொள்கை. கனடாவில், எங்கள் ஸ்காபரோவில் அதற்கு மேல் யாரும் பார்ப்பதில்லை. தங்கள் முகம் வந்து போனதும் எழுந்து சாப்பிடப் போய்விடுகிறார்கள்.

நான் பம்பாயில் இருபத்தாறு வருடம் ஹிந்திப் படங்களின் எடிற்றர். அதில் பத்தொன்பது வருடம் மற்றவர் வெட்டியதை ஒட்டிக் கொடுத்தவன் என்பதை விசிற்றிங் கார்ட்டில் போடவில்லை. இடம் போதாது. இங்கே வந்தபின் மோர்னிங்சைட்டில் மகள் வீட்டு பேஸ்மென்றில் இரண்டு வீசீஆர்களோடு கல்யாண வீடியோ தொகுத்துக்கொண்டிருந்தேன். சனம் என்னைப் பம்பாய் அண்ணை என்றது. நான் மறுக்கவில்லை.

தொண்ணூற்றைந்தில் பத்மநாதன் என்ற பொடியன் இங்கிருந்து கொழும்புக்குப் போய் யோகமலரைக் கட்டி, வீடியோ நாடாவோடு திரும்பி வந்தான். நான் தொகுக்கும் பிரதி அவளுடைய விசா விண்ணப்பத்தோடு போகவேண்டும். கல்யாணம் உண்மையென்று அதிகாரி நம்பவேண்டும். அவ்வளவுதான் வேலை.

அவனுடைய வலது சுட்டுவிரலில் பாதியைப் பிறம்ரனில் ஒரு வெயர்ஹவுஸ் மெசின் எடுத்திருந்தது. கழுத்துக்குப் பின்னால் தாலிக்கொடியைப் பூட்ட அந்தக் கை தடுமாறியது. கண்ணுக்கு நன்றாக இல்லை, தொய்வு வேறு. பம்பாயில் கதாநாயகி வராத நாளில் வேறொருத்தியின் கையைத்தான் குளோசப்பில் வைப்போம். நானும் வேறொரு கல்யாணத்திலிருந்து நல்ல கை ஒன்றை எடுத்து வைத்தேன். ஐந்து விரலும் முழுசு. நாலு செக்கன். ஒட்டே தெரியவில்லை.

பத்மநாதன் பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னான்: "அண்ணை, எனக்கு விரல் முளைச்சிட்டுது."

"உதை ஆர் தம்பி எண்ணப்போகினம்? இது கலை."

அதிகாரி எண்ணினார். தாலி கட்டிய கை மாப்பிள்ளையின் கை அல்ல, கல்யாணம் ஜோடிப்பு என்று எழுதி மறுத்துவிட்டார்.

பத்மநாதன் அந்தக் கடிதத்தோடு வந்தான். அப்பீலுக்கு வெட்டாத நாடா வேண்டும், கையை மாற்றியது நான்தான் என்று ஒரு கடிதமும் வேண்டும் என்றான். கொழும்பில் ஆமியும் பொலிஸும் தமிழர் தங்கும் இடங்களை லொட்ஜ் லொட்ஜாகச் சுற்றிவளைக்கிறார்கள், அவள் யாழ்ப்பாண அடையாள அட்டையோடு தனியே இருக்கிறாள் என்றான். குரலை உயர்த்தவில்லை. உயர்த்தியிருந்தால் எனக்குக் கோபப்படவாவது வசதியாக இருந்திருக்கும்.

அடுத்த ஞாயிறு வோபர்ன் மண்டபத்தில் எனக்குப் பாராட்டு விழா. பொன்னாடை, 'திரைத்தொகுப்புச் சக்கரவர்த்தி' என்று பட்டம். அந்த வாரத்தில் போய், சக்கரவர்த்தி பிழை விட்டதாகக் கையெழுத்து வைக்க முடியுமா?

"நாடா அழிஞ்சு போச்சு தம்பி," என்றேன். "இனிக் கடிதம் தந்து என்ன பிரயோசனம்?"

அவன் தலையாட்டினான். போகும்போது தேத்தண்ணிக்கு நன்றி சொன்னான்.

பொன்னாடை நைலோன். இரண்டு மாதத்தில் யோகமலரை லொட்ஜிலிருந்து கொண்டுபோனார்கள். எங்கே என்று இன்றுவரை தெரியாது. அதற்கு நான் பொறுப்பில்லை என்று மூன்று வருடமாக எனக்கே சொல்லிப் பார்க்கிறேன். வசனம் பரவாயில்லை, நடிகன் சரியில்லை.

நாடா என் அலுமாரியில்தான் இருந்தது. இப்போதும் இருக்கிறது. நேற்று மறுபடி ஓடவிட்டேன். அவன் கை தடுமாறுகிறது. யோகமலர் தலையைத் திருப்பாமல் தன் கையைப் பின்னால் கொண்டுபோய், அந்த அரை விரலைத் தேடிப் பிடித்து, பூட்டில் வைத்துக் கொடுக்கிறாள்.

பதினொரு செக்கன். தொய்வு என்று நான் வெட்டியது அதைத்தான்.