ஹங்கேரி நடிகருக்குக் கைதட்டல்

ஹனோவர் ட்ராமில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு யாழ்ப்பாணத்துப் பெண்கள். இருவருக்கும் ஒரே முதியோர் இல்லத்தில் வேலை. இளையவர் சொன்னார்:

“அக்கா, நேற்று அவர் செத்ததுக்கு நான் கைதட்டிப்போட்டன்.”

நான் செய்தித்தாளைப் புரட்டுவதை நிறுத்தினேன்.

“ஆர், அந்த ஹங்கேரி நடிகரோ?”

“ஓம். புடாபெஸ்ட் மேடையில அவர் ராசா வேஷம் கட்டினவராம். இஞ்ச வந்தாப்பிறகு ஜெர்மன் உச்சரிப்புச் சரியில்லையெண்டு, படங்களில வெடிபட்டுச் சாகிற வேஷம்தான் குடுத்தவையாம்.”

“அதைத்தானே எங்களுக்கும் நடிச்சுக் காட்டுறவர்.”

“ஓம், காலமைச் சாப்பாடு முடிய நெஞ்சைப் பிடிச்சுக்கொண்டு சரிவார். நான் கைதட்டுவன். எழும்பிக் குனிஞ்சு வணங்குவார். நேற்றும் சரிஞ்சார், தட்டினன். எழும்பேல்லை.”

“பிறகு?”

“தட்டினது காணாதாக்குமெண்டு, இன்னும் பலமாத் தட்டினன்.”